மொதல்ல அளங்க சாமி, அப்புறம் அப்பீல் போலாம்

வரப்புத் தகராறு ஒண்ணு ஹைகோர்ட் வரைக்கும் போயிருக்குன்னா, பெரும்பாலும் அதுக்கு ஒரே ஒரு அர்த்தம்தான். கீழே யாரும் நிலத்தை ஒழுங்கா அளக்கலை.

இதை ஏதோ குத்துமதிப்பா சொல்லலை. கொஞ்ச நாளா வேற வேலை வெட்டி இல்லாம, எல்லைத் தகராறு வழக்குகளோட தீர்ப்புகளா எடுத்துப் படிச்சிக்கிட்டிருக்கேன் (ஆமா, என் பொழுதுபோக்கு அப்படித்தான் இருக்கு :-)). பத்துத் தீர்ப்பு படிச்சா போதும், கதை மனப்பாடம் ஆயிடும். முன்சீப் கோர்ட்டில் வாதி ஜெயிப்பார். சப் கோர்ட்டில் பிரதிவாதி ஜெயிப்பார். ஹைகோர்ட்டில் ரெண்டு பேருமே ஜெயிக்காம "மறு விசாரணைக்கு அனுப்பப்படுகிறது" அப்படீன்னு முடியும். மறுபடி முதல்லேருந்து.

டிஸ்கி: நான் வக்கீல் கிடையாது. சட்டப் புத்தகத்தைக் கையில் வெச்சிக்கிட்டு எழுத்துக்கூட்டிப் படிக்கிற ஆசாமி. வக்கீல் பதிவர்கள் பின்னூட்டத்தில் கம்போட வரலாம். ஆனா கம்பைத் தூக்கறதுக்கு முன்னாடி முழுசா படிச்சிடுங்க.

வழக்கு எப்படிப் பிறக்குது?

112-க்கு 3 உங்க நிலம். 112-க்கு 4 பக்கத்துக்காரர் நிலம். (நம்பர் சும்மா உதாரணத்துக்கு.) நடுவில் ஒரு வரப்பு. வருஷா வருஷம் உழும்போது வரப்பு கொஞ்சம் கொஞ்சமா நகரும். எந்தப் பக்கம் நகரும்னு கேட்டா, யார் வீட்டில் ஆள்பலம் கம்மியோ அந்தப் பக்கம். ஒரு நாள் வேலி போடப் போறப்ப "ஏய் இது எங்க எடம்" அப்படீன்னு சத்தம் வரும். பஞ்சாயத்து, போலீஸ் ஸ்டேஷன், "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க". போயிடறாங்க.

பிராதுல என்ன கேக்கறாங்க? பாதி வழக்குல வெறும் உறுத்துக்கட்டளை மட்டும். "பிரதிவாதி என் நிலத்துல தலையிடக் கூடாது." அவ்வளவுதான். உரிமை விளம்புகையும் சேர்த்துக் கேட்டா கோர்ட் கட்டணம் கூடும், நிரூபிக்க வேண்டியதும் கூடும். எப்ப வெறும் உறுத்துக்கட்டளை போதும், எப்ப உரிமையையும் சேர்த்துக் கேட்டே ஆகணும்னு சுப்ரீம் கோர்ட் 2008-ல் அனாதுல சுதாகர் வழக்கில் உக்காந்து விலாவாரியா எழுதி வெச்சிருக்கு. படிச்சாங்களான்னு கேக்காதீங்க.

சொத்து விவரத்தில் என்ன இருக்கும்? சர்வே நம்பர், நாப்பது சென்ட், செக்குபந்தி. வடக்கே இன்னார் நிலம், தெற்கே வண்டிப்பாதை, கிழக்கே பிரதிவாதியின் நிலம். மேற்கே ஓடை. சரி, "கிழக்கே பிரதிவாதியின் நிலம்"னு எழுதினா அந்தக் கிழக்கு எங்கே முடியுது? அதுதானே சண்டையே! எந்தக் கேள்விக்காக கோர்ட்டுக்கு வந்தாங்களோ, அந்தக் கேள்வியையே பதில் மாதிரி எழுதிக் குடுத்திருக்காங்க. இதுக்கு நம்பர் போட்டு ஃபைல் கட்டிடறாங்க.

சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 7 ரூல் 3 என்ன சொல்லுது? அசையாச் சொத்து பத்தின வழக்குன்னா, அந்தச் சொத்தை அடையாளம் காண்ற அளவுக்கு விவரம் குடுக்கணும். சண்டை ரெண்டடி அகலத் துண்டுக்குன்னா, அடையாளம் காட்ட வேண்டியது அந்த ரெண்டடித் துண்டைத்தான். மொத்த நாப்பது சென்ட்டை இல்லை.

"சாட்சியம் சேகரிக்க கமிஷனர் கிடையாது"

இந்த ஒரு வாக்கியத்தால இந்த நாட்டில் எத்தனை வரப்பு வழக்கு இழுபட்டிருக்கும்னு கணக்கே இருக்காது.

ஆர்டர் 26 ரூல் 9. ஸ்தல விசாரணை தேவைன்னு கோர்ட் நினைச்சா ஒரு ஆணையரை நியமிக்கலாம். நம்ம பக்கம் பெரும்பாலும் ஒரு வக்கீலைத்தான் கமிஷனரா போடுவாங்க. அவர் தாலுகா சர்வேயரைக் கூட்டிக்கிட்டு, புலப்படத்தைக் கையில் வெச்சிக்கிட்டு, ரெண்டு தரப்புக்கும் நோட்டீஸ் குடுத்துட்டு, நிலத்துக்குப் போய் அளந்து, வரைபடத்தோட அறிக்கை குடுப்பார். ரொம்ப சிம்பிள். ஒரு நாள் வேலை, இழுத்தா ரெண்டு நாள்.

ஆனா வாதி மனு போட்டா பிரதிவாதி எதிர்ப்பார். பிரதிவாதி போட்டா வாதி எதிர்ப்பார். எதிர்ப்புக்கு ரெடிமேடா ஒரு வரி: "சாட்சியம் சேகரிப்பதற்காக ஆணையரை நியமிக்க முடியாது."

இந்த வரி சுத்தப் பொய்யும் இல்லை. இதுக்கு ஒரு நியாயமான இடம் இருக்கு. நிலம் யார் அனுபவத்தில் இருக்கு, யார் வெள்ளாமை வெச்சாங்கன்னு பாத்துட்டு வரச் சொல்லி கமிஷனரை அனுப்பக் கூடாது. அது சாட்சி சொல்லி, குறுக்கு விசாரணை பண்ணி, ஜட்ஜ் முடிவு பண்ண வேண்டிய விஷயம். அதை ஒரு நாள் காலையில போய் நிக்கிற ஒரு வக்கீல் கையில் குடுக்க முடியாதுதான். ஒத்துக்கறேன்.

ஆனா கோடு எங்கே போகுதுங்கறது அந்த ரகமா? அதை எந்த சாட்சி வந்து சொல்லுவார்? கூண்டில் ஏத்தி "இந்த வரப்பு 112-க்கு 3-லிருந்து எத்தனை லிங்க்ஸ் தள்ளி இருக்கு"ன்னு கேட்டா, பக்கத்துத் தோட்டத்துக்காரர் என்ன பதில் சொல்லுவார்? "நான் சின்னப் புள்ளையா இருக்கறப்பலேருந்து அங்கதான் சாமி இருக்கு" அப்படீம்பார். எதிர்த்தரப்பு சாட்சியும் அதே தான் சொல்லுவார். ரெண்டு பேரும் உண்மையாவே நம்பித்தான் சொல்லுவாங்க. வாயால அளக்க முடியாததை சங்கிலியாலதான் அளக்கணும்.

சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாவே சொல்லியிருக்கு. 2008-ல், ஹரியானா வக்ஃப் போர்டு வழக்கு. பக்கத்து பக்கத்து நிலம், எல்லை எதுன்னு தகராறு. இந்த மாதிரி வழக்கில் கமிஷனரை வெச்சு அளந்து பாத்திருக்கணும், பாக்காம தள்ளுபடி பண்ணினது தப்புன்னு சொல்லி மறுபடி முடிவு பண்ண அனுப்பினாங்க. கவனிங்க, அத்தனை படி ஏறி டெல்லி வரைக்கும் போன பிறகு கிடைச்ச பதில் என்ன? "அளந்து பாருங்க."

கமிஷனர் அறிக்கை தப்பா இருந்தா? அதுக்கும் வழி ரூல் 10-லேயே இருக்கு. கமிஷனரைக் கூப்பிட்டு விசாரிக்கலாம். கோர்ட்டுக்குத் திருப்தி இல்லைன்னா மேற்கொண்டு விசாரிக்க உத்தரவு போடலாம். அறிக்கை ஒண்ணும் வேதவாக்கு இல்லை, அதுவும் ஒரு சாட்சியம்தான். அப்புறம் அதைப் பாத்து என்ன பயம்? பயப்படறவங்களுக்கு மட்டும்தான் அளந்தா என்ன வரும்னு முன்னாடியே தெரியும்.

முன்வாசலைப் பூட்டினாங்க, பின்வாசல்?

சரி, முன்சீப் கோர்ட் கமிஷனர் போட்டு உத்தரவு போட்டுடுச்சுன்னு வெச்சுக்குவோம். அடுத்து என்ன? எதிர்த்தரப்பு நேரா ஹைகோர்ட்டுக்கு சிவில் சீராய்வு மனு. ஒரு இடைக்கால ஸ்டே. அசல் வழக்கு கீழே தூங்கும்.

1999-ல் சிவில் நடைமுறைச் சட்டத்தைத் திருத்தினாங்க, 2002 ஜூலை 1 முதல் அமலுக்கு வந்துச்சு. பிரிவு 115-ல் கை வெச்சாங்க. வழக்கையே முடிச்சு வைக்கக் கூடிய விஷயமா இருந்தாத் தவிர, இடைக்கால உத்தரவுகள் மேல சீராய்வு கிடையாது. நல்ல திருத்தம். கமிஷனர் மனு மேல போடற உத்தரவு எந்த வழக்கையும் முடிச்சு வைக்காது. ஆக கதவு சாத்தியாச்சு.

ஒரே வருஷம். 2003-ல் சூர்யா தேவ் ராய் வழக்கில் சுப்ரீம் கோர்ட், 115 சுருங்கினாலும் அரசியல் சாசனத்தின் 226, 227 பிரிவுகளில் ஹைகோர்ட்டுக்கு இருக்கிற அதிகாரம் சுருங்கலைன்னு சொல்லிடுச்சு. சட்டப்படி அது சரியாவே இருக்கலாம், பார்லிமென்ட் சாதாரண சட்டம் போட்டு அரசியல் சாசன அதிகாரத்தைப் பறிக்க முடியாதுதான். ஆனா நடைமுறையில் என்ன ஆச்சு? நேத்து வரைக்கும் 115-னு தலைப்பு போட்ட மனு, இன்னைக்கு 227-னு தலைப்பு போட்டு வந்துச்சு.

2010-ல் ஷாலினி ஷ்யாம் ஷெட்டி வழக்கில் "227-ஐ எடுத்ததுக்கெல்லாம் பயன்படுத்தாதீங்க, அபூர்வமா பயன்படுத்துங்க"ன்னு சுப்ரீம் கோர்ட்டே கண்டிச்சுது. 2015-ல் ராதே ஷ்யாம் வழக்கில், சிவில் கோர்ட் உத்தரவுகள் மேல 226-ல் ரிட் போட முடியாதுன்னு 2003 தீர்ப்பின் அந்தப் பாதியைத் தூக்கிட்டாங்க. 227 மிச்சம் இருக்கு. அது போதுமே, வரப்பு வழக்கை நிறுத்தி வைக்க.

நான் கேக்கறது இதுதான். அளக்கச் சொல்ற உத்தரவால யாருக்கு என்ன நஷ்டம்? யாரோட நிலமும் கைமாறலை. யாரையும் வெளியேத்தலை. டேப் பிடிச்சு அளந்துட்டுப் போகப் போறாங்க. இதுக்கு எதுக்கு மேல் கோர்ட் மறு ஆய்வு? அளக்க மறுக்கிற உத்தரவுன்னா அது வேற. அதை ஹைகோர்ட் பாக்கட்டும், ஒரே நாளில் "போய் அளங்க"ன்னு சொல்லி அனுப்பட்டும். அளக்கச் சொன்ன உத்தரவை நிறுத்தி வைக்கிறதுக்கு எந்த நியாயமும் எனக்குத் தெரியலை.

முதல் அப்பீல்: கடைசி வாய்ப்பு

பிரிவு 96-ன் கீழ் வர்ற முதல் அப்பீல்தான் சங்கதிகளைப் பொறுத்தவரை கடைசி கோர்ட். அதுக்கு மேல போனா சட்டம் மட்டும்தான் பேச முடியும் (பேப்பர்ல). அதனால முதல் அப்பீல் கோர்ட் ஒவ்வொரு பிரச்சினையையும் தனித்தனியா எடுத்து, சாட்சியங்களை அலசி, காரணத்தோட எழுதணும்னு ஆர்டர் 41 ரூல் 31 சொல்லுது. 2001-ல் சந்தோஷ் ஹஜாரி வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதையே அழுத்திச் சொல்லுச்சு. கீழ் கோர்ட்டோட ஒத்துப் போறதா இருந்தாலும் மனசைச் செலுத்திப் பாத்தது தீர்ப்பில் தெரியணும். மாத்தி எழுதறதா இருந்தா, கீழே சொன்ன காரணம் ஏன் தப்புன்னு நெருங்கிப் போய்ச் சொல்லணும்.

வரப்பு வழக்கில் நடக்கிறது என்ன? கீழே அளக்காம குடுத்த தீர்ப்பு மேல வந்தா, ஒண்ணு "விசாரணை நீதிமன்றத்தின் முடிவில் தலையிட முகாந்திரமில்லை". இல்லைன்னா மொத்தத்தையும் ரத்து பண்ணித் திருப்பி அனுப்பறது. ரெண்டுமே கை கழுவுற வேலை.

ஏன்னா, பிரிவு 107 படி விசாரணை கோர்ட்டுக்கு இருக்கிற அதே அதிகாரம் அப்பீல் கோர்ட்டுக்கும் இருக்கு. கமிஷனரை அப்பீல் கோர்ட்டே போடலாம். அதுவும் வேண்டாம்னா ஆர்டர் 41 ரூல் 25 இருக்கு. வழக்கைத் தன் கையிலேயே வெச்சிக்கிட்டு, "இந்த ஒரு விஷயத்துக்கு மட்டும் சாட்சியம் எடுத்து முடிவு எழுதி அனுப்புங்க"ன்னு கீழே கேட்டு வாங்கலாம். மொத்த வழக்கையும் உருட்டிக் கீழே தள்ள வேண்டிய அவசியமே இல்லை. ஒரு படி ஏற ஏழு வருஷம் ஆன மனுஷனை மறுபடி முதல் படியில் கொண்டு போய் விடறது தண்டனை.

அரை சென்ட்டில் ஒரு "சாராம்சமான சட்டப் பிரச்சினை"

இப்ப ரெண்டாவது அப்பீல். பிரிவு 100. 1976 திருத்தத்துக்கு அப்புறம் இது ரொம்பக் குறுகலான வாசல். சாராம்சமான சட்டப் பிரச்சினை ஒண்ணு இருந்தாதான் ஹைகோர்ட் எடுக்கணும். அந்தப் பிரச்சினையை ஹைகோர்ட்டே வார்த்தையில் வடிச்சு எழுதணும்.

ரெண்டடி அகலம், இருநூறடி நீளம் ஒரு துண்டு. நானூறு சதுர அடி. ஒரு சென்ட் 435.6 சதுர அடி. ஆக ஒரு சென்ட் கூட முழுசா இல்லை. இதில் என்ன சாராம்சமான சட்டப் பிரச்சினை?

எழுதுவாங்க. "பத்திரத்தில் எல்லைகளும் பரப்பளவும் முரண்பட்டால் எது மேலோங்கும்?" அய்யா, பொதுவா எல்லைதான் மேலோங்கும்னு காலங்காலமா முடிஞ்சு போன விஷயம். முடிஞ்ச விஷயம் எப்படி பிரச்சினை ஆகும்? அடுத்தது, "ஆணையர் அறிக்கையைக் கீழ் நீதிமன்றம் பரிசீலிக்கத் தவறியது சட்டப் பிழையாகுமா?" இதில் விஷயம் இருக்கு, இல்லைன்னு சொல்லலை. ஆனா இதோட அசல் பேர் "ஒழுங்கா அளக்கலை". அதுக்கு சட்டக் கோட்டு மாட்டி விட்டிருக்காங்க, அவ்வளவுதான்.

இன்னொரு கூத்து. பிரிவு 102 படி, அசல் வழக்கு 25,000 ரூபாய்க்கு மேற்படாத பண வசூல் வழக்கா இருந்தா ரெண்டாவது அப்பீலே கிடையாது. கைமாத்து குடுத்த இருபதாயிரத்துக்கு ரெண்டு கோர்ட் போதும். அதே மதிப்புள்ள வரப்புத் துண்டுக்கு மூணு கோர்ட், அதுக்கு மேல டெல்லி. நிலம்னா நமக்கு உசுரு, அது தனி. ஆனா உசுருன்னு நினைக்கிறவங்க அதை அளக்கவாவது செஞ்சிருக்கணுமா இல்லையா?

2004 ஜூலையில் மதுரைக் கிளை வந்தப்ப தென் மாவட்டத்துக்காரங்களுக்கு சென்னைக்கு பஸ் ஏற வேண்டிய வேலை மிச்சமாச்சு. பெரிய நிம்மதி, மறுக்கலை. வழக்கோட ஆயுள் குறைஞ்ச மாதிரி எனக்குத் தெரியலை.

எங்க சொந்தத்திலேயே ஒண்ணு

ஊர் பேர், கோர்ட் பேர் எல்லாம் வேண்டாம். என் மாமா ஒருத்தருக்கும் அவர் பங்காளிக்கும் மேலே சொன்ன அதே அளவு துண்டு. மூணு லிங்க்ஸ் அகலம். (ஒரு லிங்க் 7.92 அங்குலம். மூணு லிங்க்ஸுன்னா ரெண்டடிக்கு ரெண்டு நூல் கம்மி.) முன்சீப் கோர்ட்டில் கமிஷனர் வந்தார். ஆனா சர்வேயர் வரலை, லீவாம். கமிஷனர் ஒரு கல்லைக் காட்டி அங்கேருந்து டேப் பிடிச்சு அளந்துட்டுப் போயிட்டார். அந்தக் கல் சர்வே கல்லா, இல்லை யாரோ ஆடு கட்ட நட்ட கல்லான்னு யாரும் கேக்கலை.

முன்சீப் கோர்ட்டில் மாமா ஜெயிச்சார். சப் கோர்ட்டில் தோத்தார். ஹைகோர்ட்டில் ரெண்டாவது அப்பீல் வருஷக்கணக்கா கிடந்து, கடைசியில் அந்தக் கல்லைக் காரணம் காட்டித் திருப்பி அனுப்பினாங்க. மொத்தம் பதினாறு வருஷம். அதுக்குள்ள மாமாவும் போயிட்டார், பங்காளியும் போயிட்டார். வாரிசுகளைச் சேர்க்கிறதுக்கே தனியா ஒரு மனு, அதுக்குத் தனியா வாய்தா.

அப்புறம் ரெண்டு வீட்டுப் பசங்களும் ஒரு கல்யாணத்தில் பாத்துப் பேசி, சலான் கட்டி, சர்வேயரை வரவழைச்சாங்க. அவர் அந்த ஆட்டுக்கல்லைத் திரும்பிக் கூடப் பாக்கலை. ரெண்டு பேருக்கும் சம்பந்தமில்லாத பக்கத்து சர்வே நம்பர்களோட கல்லைத் தேடி எடுத்து, அங்கேருந்து கணக்குப் போட்டு வந்தார். காலையில ஆரம்பிச்சு மத்தியான சாப்பாட்டுக்கு முன்னாடி கல் நட்டாச்சு. கோடு ரெண்டு பேரும் சொன்ன இடத்தில் இல்லை, நடுவில் எங்கேயோ இருந்துச்சு. லோக் அதாலத்தில் சமரசம் எழுதி முடிச்சுட்டாங்க. லோக் அதாலத் தீர்வு மேல அப்பீல் கிடையாதுங்கறது எவ்வளவு பெரிய வரம்னு அன்னைக்குத்தான் எங்க குடும்பத்துக்கே புரிஞ்சுது.

பதினாறு வருஷத்தில் தீராதது அரை நாளில் தீர்ந்துச்சு. அந்த அரை நாளை பதினாறு வருஷத்துக்கு முன்னாடி வெச்சிருந்தா என்ன?

வர்ற கேள்விகளுக்கு இப்பவே பதில்

"சர்வேயர் காசு வாங்கிட்டு அளந்தா?" வாங்கலாம். அதனாலதான் எந்தக் கல்லிலேருந்து அளந்தார், எந்த அளவுகளை வெச்சார்னு அறிக்கையில் எழுத வைக்கணும்னு சொல்றேன். எழுதி வெச்ச அளவை இன்னொருத்தர் போய் சரிபார்க்க முடியும். சாட்சி வாயில் வந்த பொய்யை யார் போய் சரிபார்க்கிறது?

"புலப்படமே தப்பா இருந்தா?" இருக்கு. யூ.டி.ஆர். காலத்தில் நடந்த குளறுபடிகளை இன்னைக்கும் ஜனங்க சுமந்துக்கிட்டு இருக்காங்க. படத்தை மட்டும் ஸ்கேல் வெச்சுப் பாத்தா இன்னும் மோசம். 1:2000 அளவில் வரைஞ்ச படத்தில் அரை மில்லிமீட்டர் கோடு தடிமன், நிலத்தில் ஒரு மீட்டர். அதனால படத்தின் மேல எழுதியிருக்கிற அளவுகளைத்தான் பாக்கணும், அதோட பத்திரத்தையும் பழைய ஆவணங்களையும் சேர்த்துப் பாக்கணும். சர்வேயே தப்புன்னா 1923-ம் வருஷத்து தமிழ்நாடு நில அளவை மற்றும் எல்லைகள் சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கு. அதுக்கு மேல சிவில் வழக்கும் போடலாம், மூணு வருஷக் கெடு. ஆனா படம் தப்பா சரியான்னு கண்டுபிடிக்கவும் நிலத்தில் இறங்கித்தானே ஆகணும்?

"பட்டா யார் பேர்ல இருந்தா என்ன, பன்னெண்டு வருஷத்துக்கு மேல நான் எதிரிடையா அனுபவிச்சேனே?" இதுதான் வக்கீல்கள் கடைசியா எடுக்கிற அஸ்திரம். நல்ல அஸ்திரம்தான். அளந்ததும் வழக்கு முடிஞ்சிடும்னு நான் சொல்லவே இல்லை. ஆனா எதை அனுபவிச்சீங்க? எந்தத் துண்டை? அகலம் என்ன, எங்கே ஆரம்பிச்சு எங்கே முடியுது? அந்தத் துண்டு அடுத்தவர் நிலத்தில் விழுந்தாதானே எதிரிடை அனுபவம்னே பேச முடியும்? உங்க நிலத்திலேயே விழுந்தா நீங்க அனுபவிச்சது உங்க சொத்தை. எந்த வாதத்தை எடுத்தாலும் முதல் படி அளவுதான்.

"அப்ப மேல் கோர்ட்டே வேண்டாங்கிறீங்களா?" அய்யய்யோ, இல்லை. கமிஷனர் அறிக்கையைப் படிக்காம தீர்ப்பு எழுதற ஜட்ஜும் இருப்பார், ஆள்பலத்துக்குப் பயந்து ஒரு பக்கமா அளக்கிற சர்வேயரும் இருப்பார். ஆதரவில்லாத ஒரு அம்மாவுக்கு மேல் கோர்ட் தவிர வேற நாதி இல்லாத நிலைமை நிஜமாவே வரும். மேல் கோர்ட் மறு ஆய்வு வேணும். அது எதை ஆய்வு பண்ணணுங்கறதுதான் என் சண்டை.

நான் கேக்கறது

1. சண்டையில் இருக்கிற துண்டை அளவோட வரைஞ்சு காட்டாத பிராதுக்கு நம்பர் போடாதீங்க.

2. எதிருரை வந்ததும், சாட்சி விசாரணை தொடங்கறதுக்கு முன்னாடியே, கமிஷனரும் சர்வேயரும் சேர்ந்து போகணும். ஒருத்தர் லீவுன்னா இன்னொரு நாள். சர்வேயர் இல்லாம டேப் பிடிக்கிற கமிஷன் வேண்டவே வேண்டாம்.

3. அளக்கச் சொல்ற உத்தரவு மேல 227-ல் வந்தா, ஸ்டே குடுக்காதீங்க.

4. முதல் அப்பீல் கோர்ட்டின் முதல் கேள்வி: "அளந்தாங்களா? எந்தக் கல்லிலேருந்து?" இல்லைன்னா தானே அளக்க வைக்கணும். மொத்தமா திருப்பி அனுப்பக் கூடாது.

5. ரெண்டாவது அப்பீலை அனுமதிக்கிற அன்னைக்கே அதே கேள்வியைக் கேளுங்க. கீழ் கோர்ட் முடிவு பண்ணாம விட்ட சங்கதியைத் தேவையானப்ப ஹைகோர்ட்டே முடிவு பண்ணிக்கலாம்னு பிரிவு 103 இருக்கு. பத்து வருஷம் கழிச்சு கீழே தள்ளறதை விட அது எவ்வளவோ மேல்.

6. தீர்ப்பாணையோட வரைபடத்தை இணைச்சுக் குடுங்க. படமில்லாத உறுத்துக்கட்டளையை வெச்சுக்கிட்டு ரெண்டு பேருமே "நான் தான் ஜெயிச்சேன்"னு வரப்பில் நிக்கிறாங்க. நிறைவேற்று மனு போட்டப்புறம் மறுபடி கமிஷனர், மறுபடி அளவை.

இதில் ஒண்ணுக்குக் கூட புதுச் சட்டம் தேவையில்லை. எல்லாம் இருக்கிற சட்டத்துக்குள்ளேயே இருக்கு. புலப்படத்தை இன்னைக்கு வீட்டிலிருந்தே இணையத்தில் எடுத்துப் பாத்துக்க முடியுது. எண்பது வயசுப் பெரியவருக்கு அவர் வரப்பு எங்கேன்னு சொல்ல ஒரு ஹைகோர்ட் தேவைப்படுதுன்னா, கோளாறு அவர்கிட்டயும் இல்லை, ஹைகோர்ட்கிட்டயும் இல்லை. முதல் நாள் நிலத்தில் கால் வைக்காத அந்த ஃபைல்கிட்ட இருக்கு.

வக்கீல் நண்பர்களே, இப்ப வாங்க. ஒரே ஒரு கேள்விக்குப் பதில் சொல்லிட்டு மத்ததைப் பேசுங்க: அளக்கிறதை எதிர்த்து மனு போடறப்ப உங்க கட்சிக்காரருக்கு நீங்க என்ன காரணம் சொல்றீங்க?

பி.கு.: உங்க ஊரில் நடந்த வரப்பு வழக்கு இருந்தா பின்னூட்டத்தில் எழுதுங்க. பேர், சர்வே நம்பர் வேண்டாம். எத்தனை வருஷம், அளந்தாங்களா இல்லையா, இந்த ரெண்டு மட்டும் போதும்.